மாம்பழமும் ஸ்பார்க்கிளிங் ஒயினும்: குமிழி அடங்காமல் வீட்டில் காக்டெய்ல் கலக்க முழுமையான வழிகாட்டி

பழக்கூழையும் ஸ்பார்க்கிளிங் ஒயினையும் ஒரே கோப்பையில் ஊற்றினால் காக்டெய்ல் ஆகிவிடும் என்று நினைத்துத்தான் பலரும் தொடங்குகிறார்கள். ஊற்றிய நொடியில் நுரை பொங்கி மேசையெல்லாம் வழிகிறது. அது அடங்கிய பிறகு அடியில் கெட்டிக்கூழும் மேலே சப்பென்ற ஒயினும் மிஞ்சுகின்றன. பழத்திலும் குறை இருக்காது, ஒயினிலும் குறை இருக்காது. வேலைகளின் வரிசை மட்டும் தவறியிருக்கும்.

கீழே வரும் படிகள் அனைத்தும் ஒரே நோக்கம் கொண்டவை: புட்டிக்குள் அடைபட்டிருக்கும் வாயுவை வீணாக்காமல் குடிப்பவரின் நாக்கு வரை கொண்டுசேர்ப்பது. கூழை ஏன் வடிகட்ட வேண்டும், ஏன் முந்தைய நாளே செய்ய வேண்டும், கோப்பையை ஏன் உறைபெட்டியில் வைக்கக் கூடாது என்பதற்கெல்லாம் காரணம் இந்த வாயுதான்.

இங்கே சொல்வது மாம்பழமும் தாட்பூட் பழமும் (பேஷன் புரூட்) சேர்ந்த கலவை. வெனிஸ் நகரத்துக் காக்டெய்லான பெல்லினியில் வெள்ளைப் பீச் பழக்கூழும் இத்தாலிய ஸ்பார்க்கிளிங் ஒயினான புரோசெக்கோவும் சேர்வதைப் போன்ற அமைப்புதான். ஆனால் மாம்பழம் பீச்சைவிடக் கெட்டியானது, இனிப்பும் கூடுதல். ஆகவே பெல்லினியின் அளவுகளை அப்படியே எடுத்துக்கொண்டால் சரிவராது.

1. ஆறு கோப்பைக்குத் தேவையானவை

ஸ்பார்க்கிளிங் ஒயின் 750 மி.லி. புட்டி ஒன்று. வடிகட்டிய மாம்பழக் கூழ் 180 மி.லி. விதை நீக்கிய தாட்பூட் பழச் சாறு 60 மி.லி. எலுமிச்சைச் சாறு 30 மி.லி. உப்பு ஒரு சிட்டிகை. தேவைப்பட்டால் மட்டும் கொஞ்சம் சர்க்கரைப் பாகு.

கருவிகளாக மிக்ஸி, கண் நெருக்கமான எஃகு வடிகட்டி, நீண்ட கைப்பிடியுள்ள கரண்டி, மி.லி. அளவு போட்ட சிறு கிண்ணம், ஒரு தடித்த துண்டு. அளவுக் கிண்ணம் இல்லாவிட்டால் கேக் செய்யப் பயன்படுத்தும் அளவுக்கரண்டி போதும். மேசைக்கரண்டி ஒன்று 15 மி.லி.

கணக்கு எளிது. பழங்களைக் கலந்துவைக்கும் அடிக்கலவை மொத்தம் 270 மி.லி. கோப்பைக்கு 45 மி.லி., அதாவது மூன்று மேசைக்கரண்டி. அதன் மேல் 100 மி.லி. ஒயின். ஆறு கோப்பைக்கு 600 மி.லி. போக 150 மி.லி. மிஞ்சும். அதை விருந்தாளிகளின் கோப்பையைப் பின்னர் நிரப்ப வைத்துக்கொள்ளலாம். முதல் முறை செய்பவர்களிடம் நுரையோடு கொஞ்சம் போய்விடும் என்பதால் இந்த இருப்பு அவசியமும்கூட.

வேலையை இரண்டு நாட்களாகப் பிரித்துக்கொள்ளுங்கள். கூழும் தாட்பூட் சாறும் முந்தைய இரவு. எலுமிச்சையும் கலவையும் அன்று மாலை. புட்டியைத் திறப்பது விருந்தாளிகள் உட்கார்ந்த பிறகு. புட்டியை முதலில் திறந்துவிட்டுப் பழத்தை நறுக்கத் தொடங்குவதுதான் நான் அதிகமாகப் பார்க்கும் தவறு.

2. ஒயினைத் தேர்ந்தெடுப்பது

புட்டியின் மேல் ‘புரூட்’ என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். ஐரோப்பிய விதிப்படி லிட்டருக்கு 12 கிராம் வரை சர்க்கரை உள்ளவைதான் புரூட். மாம்பழம் போதுமான இனிப்பைத் தானே கொண்டுவரும். ஒயின் செய்ய வேண்டிய வேலை அந்த இனிப்பைப் புளிப்பால் தூக்கி நிறுத்துவது.

பெயரை நம்பி ஏமாற வேண்டாம். ‘எக்ஸ்ட்ரா டிரை’ என்றால் புரூட்டைவிட இனிப்புக் குறைவு என்று எண்ணிப் பலர் வாங்குகிறார்கள். அதில் இனிப்பு கூடுதல்: லிட்டருக்கு 12 முதல் 17 கிராம். ‘டிரை’ அல்லது ‘செக்’ என்பது 17 முதல் 32 கிராம். ‘டெமி செக்’ என்றால் 32 முதல் 50 கிராம். இவற்றில் மாம்பழத்தைச் சேர்த்தால் இரண்டாவது மடக்கிலேயே திகட்டிவிடும். இத்தாலியின் இனிப்பான ஆஸ்தி வகையும் அப்படித்தான். தனியாகக் குடிக்க இனிமையானது, இந்தக் கலவைக்கு ஆகாது.

எந்த ஊர் ஒயின் என்பது இரண்டாம்பட்சம். இத்தாலியின் புரோசெக்கோ, ஸ்பெயினின் காவா, மகாராஷ்டிரத்தின் நாசிக் பகுதியில் தயாராகும் சுலா புரூட், ஷாண்டன் புரூட் எதுவானாலும் நன்றாக வரும். புரோசெக்கோ வாங்கினால் ‘ஸ்புமாந்தே’, அதாவது வாயு அழுத்தம் நிறைந்த வகை, என்று இருக்கட்டும். ‘ஃபிரிஸாந்தே’ வகையில் வாயு அழுத்தம் மிகக் குறைவு. கூழைத் தொட்டவுடன் உள்ள குமிழியும் போய்விடும்.

விலையுயர்ந்த ஷாம்பெயின் வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. ஈஸ்ட்டோடு பல மாதங்கள் புட்டியிலேயே கிடந்து வரும் அந்த வறுத்த ரொட்டி மணத்துக்காகத்தான் அவ்வளவு பணம் கொடுக்கிறோம். மாம்பழத்தின் மணத்துக்குக் கீழே அது முழுவதும் புதைந்துபோகும். அந்தப் புட்டியை வேறொரு நாள் தனியாகத் திறந்து குடியுங்கள்.

தமிழ்நாட்டில் 21 வயது நிறையாதவர்களுக்கு மது விற்கக் கூடாது. உங்கள் வீட்டு மேசைக்கும் அதே விதியை வைத்துக்கொள்ளுங்கள்.

3. பழத்தைத் தேர்ந்தெடுப்பது

நார் இல்லாத பழம் என்பதே முதல் தகுதி. சுவை அதற்குப் பிறகுதான். நார்த்துணுக்கு ஒவ்வொன்றும் ஒயினில் கரைந்திருக்கும் கரியமில வாயு குமிழியாகப் பிரிய இடம் கொடுக்கிறது. துணுக்குகள் நிறைய இருந்தால் எல்லா இடத்திலும் ஒரே நேரத்தில் குமிழி கிளம்பும். கோப்பை பொங்கி வழிவது இதனால்தான்.

அல்போன்சா, இமாம் பசந்த் இரண்டும் வெண்ணெய்போல் அரைபடும். பங்கனப்பள்ளி எளிதில் கிடைக்கும், நாரும் குறைவு, மணம் மட்டும் கொஞ்சம் மென்மை. எனக்குப் பிடித்தது பாதி பங்கனப்பள்ளியும் பாதி இமாம் பசந்தும் சேர்ந்த கூழ். முன்னது தளர்வைத் தருகிறது, பின்னது மணத்தைத் தருகிறது. யாழ்ப்பாணத்தில் இருப்பவர்கள் கறுத்தக்கொழும்பானை எடுக்கலாம். கூடுதலாக ஒருமுறை வடிகட்டினால் போதும். உறிஞ்சிச் சாப்பிடும் நாட்டு நார்ப்பழத்தை மட்டும் இதற்குத் தொடாதீர்கள். அதை உறிஞ்சிச் சாப்பிடுவதே அதற்குச் செய்யும் மரியாதை.

காம்புப் பக்கம் மணம் வீச வேண்டும், அழுத்தினால் லேசாக இளக வேண்டும். அதிகம் கனிந்து புளித்த வாடை வந்துவிட்ட பழத்தை ‘எப்படியும் அரைக்கத்தானே போகிறோம்’ என்று எடுத்துவிடுகிறார்கள். குளிர்ந்த ஒயினில் அந்த வாடை மறையாது, இன்னும் தூக்கலாகவே தெரியும்.

நடுத்தர அளவுப் பழம் இரண்டு, ஏறத்தாழ 600 கிராம் வாங்கினால் தோலும் கொட்டையும் வடிகட்டலும் போகத் தேவையான கூழ் கிடைத்துவிடும்.

தாட்பூட் பழம் என்று மலைப்பகுதிகளிலும், கொடித்தோடை என்று ஈழத்திலும் சொல்லும் பேஷன் புரூட்டை இங்கே சேர்ப்பது புளிப்புக்காக. மாம்பழத்துக்கு இனிப்பும் மணமும் உண்டு, கூர்மை இல்லை. எலுமிச்சையை மட்டும் கூட்டினால் கலவை ஜூஸ்போல் ஆகிவிடும். தாட்பூட்டின் புளிப்பு மணத்தோடு சேர்ந்து வருவதால் மாம்பழத்தை மூழ்கடிக்காது. தோல் சுருங்கிய பழமாகப் பார்த்து வாங்குங்கள், உள்ளே கனிந்திருக்கும். பழத்துக்குப் பழம் சாற்றின் அளவு மாறும் என்பதால் ஐந்தாறு கையில் இருக்கட்டும்.

4. முந்தைய இரவு: மாம்பழக் கூழ்

பழத்தைத் தோல் சீவி, துண்டுகளாக்கி, தண்ணீரோ பனிக்கட்டியோ சேர்க்காமல் மிக்ஸியில் அரையுங்கள். விட்டுவிட்டு அரைத்தால் போதும். நீண்ட நேரம் வேகமாக ஓட்டினால் கூழுக்குள் காற்று ஏறிவிடும்; நிறம் வெளுத்து, மேலே நுரை கட்டுவதைப் பார்க்கலாம். அந்தக் காற்றுத் துளிகளும் நாரைப்போலவே ஒயினைப் பொங்கவைக்கும்.

அரைத்ததை வடிகட்டியில் ஊற்றிக் கரண்டியின் பின்புறத்தால் தேய்த்து இறக்குங்கள். தேநீர் வடிகட்டி சிறியது, கையும் வலிக்கும். மாவு சலிக்கும் எஃகு சல்லடை வசதி. மல் துணியில் பிழிய வேண்டாம். சாறு மட்டும் இறங்கிச் சதை துணியிலேயே தங்கிவிடும். நமக்குச் சதை வேண்டும், நார்தான் வேண்டாம்.

இறங்கிய கூழ் கரண்டியிலிருந்து தடையில்லாமல் நாடாபோல் வழிய வேண்டும். கட்டிகட்டியாக விழுந்தால் ஒரு மேசைக்கரண்டி குளிர்ந்த தண்ணீர் சேர்த்துத் தளர்த்துங்கள். அல்போன்சா கூழுக்குப் பெரும்பாலும் இது தேவைப்படும்.

மூடிபோட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் இரவு முழுவதும் வையுங்கள். கூழ் நன்றாகக் குளிர்வது ஒரு பயன். உள்ளே ஏறிய காற்று மெல்ல மேலே வந்து வெளியேறுவது இன்னொரு பயன், அதுதான் பெரிதும்கூட. அன்று அரைத்து அன்றே கலப்பவர்களின் கோப்பைகள் அடங்காமல் பொங்குவதற்குப் பாதிக் காரணம் இந்த ஓய்வு இல்லாததுதான். காலையில் மேலே வெளுத்த நுரை படிந்திருந்தால் கரண்டியால் எடுத்துவிடுங்கள்.

மாம்பழக் காலம் இல்லையென்றால் டின்னில் அடைத்த கூழ் கைகொடுக்கும். கிருஷ்ணகிரி மாவட்டத்து ஆலைகளில் கிளிமூக்கு, அல்போன்சா கூழ் நிறையவே தயாராகிறது. டின்னின் மேல் சர்க்கரை சேர்த்ததா என்பதைப் படித்துப் பாருங்கள். சேர்த்ததென்றால் மூன்று பங்கு கூழுக்கு ஒரு பங்கு தண்ணீர் விட்டு, பாகை முற்றிலும் தவிர்த்துவிடுங்கள்.

5. முந்தைய இரவு: தாட்பூட் சாறும் பாகும்

பழத்தை இரண்டாக வெட்டி உள்ளிருப்பதை வடிகட்டியில் வழித்துப் போட்டு, கரண்டியால் வட்டமாகத் தேயுங்கள். விதையைச் சுற்றியுள்ள பை உடைந்து சாறு இறங்கும். மிக்ஸியில் போட்டு அரைக்கவே கூடாது. விதைகள் நொறுங்கினால் கசப்பும், கறுப்புப் பொடியும் சாற்றில் கலந்துவிடும். பிறகு எவ்வளவு வடிகட்டினாலும் அந்தப் பொடி முழுவதும் போகாது.

விதைகளில் ஒரு கரண்டி அளவைச் சாறோடு தனியாக எடுத்துவையுங்கள், அலங்காரத்துக்கு உதவும்.

பாகுக்குச் சர்க்கரையும் தண்ணீரும் சம எடை. சர்க்கரை கரையும் வரை சூடாக்கினால் போதும், கம்பிப் பதமெல்லாம் வேண்டாம். சர்க்கரையை நேராகக் கலவையில் போடாததற்குக் காரணம் உண்டு: குளிர்ந்த கூழில் அது முழுவதும் கரையாது, கரையாத ஒவ்வொரு பரலும் ஒயின் பட்டவுடன் நுரையைக் கிளப்பும்.

6. அன்று மாலை: அடிக்கலவையும் ருசி பார்ப்பதும்

கூழ் 180, தாட்பூட் சாறு 60, அப்போது பிழிந்த எலுமிச்சைச் சாறு 30 மி.லி., ஒரு சிட்டிகை உப்பு. எல்லாவற்றையும் கரண்டியால் மெதுவாகக் கலக்குங்கள். அடிப்பானைத் தொட வேண்டாம், இரவெல்லாம் காத்திருந்து வெளியேற்றிய காற்றை மறுபடி உள்ளே அடைத்துவிடுவீர்கள். எலுமிச்சையை முன்கூட்டிப் பிழிந்து வைத்தால் நேரம் ஆக ஆகக் கசப்பு தட்டும், அதனால்தான் அதைக் கடைசிக்கு விட்டோம்.

உப்பைப் பார்த்துத் தயங்குகிறவர்கள் உண்டு. மெரினாவில் மாங்காய்க் கீற்றுக்கு உப்பும் மிளகாய்த்தூளும் தூவித் தின்றவர்களுக்கு மாங்காய்க்கும் உப்புக்கும் உள்ள உறவைச் சொல்லத் தேவையில்லை. உப்பு கரிக்கக் கூடாது, பழச்சுவை துலங்கினால் போதும். ஆனால் அது கலவையில் முழுவதும் கரைந்திருக்க வேண்டும். கோப்பையின் விளிம்பில் உப்போ சர்க்கரையோ தடவுவதை இந்தப் பானத்துக்கு நான் ஏற்பதில்லை. குடிக்கும்போது பரல்கள் உள்ளே விழுந்து, ஒவ்வொரு முறையும் வாயுவைத் திருடும்.

இப்போது ருசி. புதியவர்கள் தடுமாறும் இடம் இது. அடிக்கலவையை மட்டும் நக்கிப் பார்த்து, ‘இனிப்பு சரியாக இருக்கிறது’ என்று முடிவு செய்துவிடுகிறார்கள். கோப்பைக்கு வரும்போது அது இரண்டு மடங்குக்கும் அதிகமான ஒயினோடு சேர்ந்திருக்கும். அந்த ஒயினுக்குச் சொந்தப் புளிப்பு உண்டு. குளிர் வேறு நாக்கில் இனிப்பை மட்டுப்படுத்தும். ஆகவே தனியாக ருசிக்கும்போது ‘கொஞ்சம் தூக்கலாக இருக்கிறதே’ என்று தோன்றுவதுதான் சரியான அளவு.

உறுதி செய்துகொள்ள ஒரு வழி: ஒரு கரண்டி அடிக்கலவையில் இரண்டு கரண்டி குளிர்ந்த சாதாரண சோடாவை விட்டுப் பாருங்கள். சோடாவில் ஒயினின் புளிப்பு கிடையாது. அதனால் சோடாவோடு ருசிக்கும்போது நீங்கள் விரும்புவதைவிட ஒரு பிடி இனிப்பு கூடுதலாக இருக்க வேண்டும். குறைந்தால் பாகை ஒவ்வொரு தேக்கரண்டியாகச் சேருங்கள். நல்ல அல்போன்சாவுக்குப் பாகே தேவைப்படாது. சப்பென்றிருந்தால் முதலில் எலுமிச்சையைக் கூட்டிப் பாருங்கள். சர்க்கரை குறைவு என்று நாம் நினைக்கும் பல கலவைகளில் குறைவது புளிப்புதான்.

திருத்தங்கள் எல்லாம் இங்கேயே முடிந்துவிட வேண்டும். ஒயின் சேர்ந்த பிறகு எதைத் திருத்தினாலும் கிளற வேண்டிவரும், கிளறினால் குமிழி போகும்.

7. குளிர்

திரவம் எவ்வளவு குளிர்ந்திருக்கிறதோ அவ்வளவு வாயு அதற்குள் கரைந்து நிற்கும். ஒயின் மட்டும் குளிர்ந்து அடிக்கலவை அறை வெப்பத்தில் இருந்தால், இரண்டும் சந்திக்கும் இடத்தில் வாயு வெளியேறிவிடும். ஒயின், அடிக்கலவை, கோப்பை மூன்றுமே குளிர்ந்திருக்க வேண்டும்.

புட்டியைக் குறைந்தது நான்கு மணி நேரம் குளிர்சாதனப் பெட்டியின் உள்தட்டில் வையுங்கள். கதவில் உள்ள தட்டு வேண்டாம். அங்கே குளிர் குறைவு, ஒவ்வொரு முறை கதவைத் திறக்கும்போதும் புட்டி குலுங்கும். 6 முதல் 8 டிகிரி செல்சியஸ் நல்ல பதம்.

நேரம் இல்லையென்றால் ஒரு வாளியில் பாதி பனிக்கட்டி, பாதி தண்ணீர், ஒரு கைப்பிடி கல்லுப்பு போட்டு, புட்டியைக் கழுத்துவரை அமிழ்த்துங்கள். சென்னை வெயிலில் கிடந்த புட்டிக்குக்கூட அரை மணியிலிருந்து முக்கால் மணி நேரம் போதும். வெறும் பனிக்கட்டியில் குத்தி வைத்தால் இடையில் காற்று நிற்பதால் நேரம் அதிகமாகும். தண்ணீர்தான் குளிரைப் புட்டி முழுவதும் கடத்துகிறது. உறைபெட்டியில் வைத்து மறந்துவிடுவது ஆபத்து. ஒயின் உறைந்து விரியும்போது தக்கை பிதுங்கலாம், புட்டியே வெடிக்கலாம்.

8. கோப்பை

ஒடுங்கிய நீளமான ஃபுளூட் அல்லது டூலிப் வடிவக் கோப்பை, 180 மி.லி.க்குக் குறையாததாக. வாய் அகன்ற தட்டைக் கோப்பை படத்துக்கு அழகு. வாயு வெளியேறப் பரப்பு அதிகம் என்பதால் இதற்குப் பொருந்தாது. ஃபுளூட் இல்லாவிட்டால் ஒடுங்கலான கண்ணாடி டம்ளர் தாராளமாகப் போதும்.

சோப்புப் பிசுக்கு இல்லாமல் வெந்நீரில் அலசித் துடைத்து, குளிர்சாதனப் பெட்டியில் அரை மணி நேரம் வையுங்கள். உறைபெட்டியில் வைத்துப் பனி படியவிட்ட கோப்பைதான் பலரும் விரும்புவது. அந்தப் பனித்துகள்கள் உட்பக்கமும் படியும், ஒயின் பட்டவுடன் நுரை சீறும். வெளியே எடுத்த கோப்பையில் ஈரம் கோத்தால் உட்புறத்தை ஒருமுறை துடைத்துவிடுங்கள்.

9. புட்டியைத் திறப்பது

இது அவசரப்படக் கூடாத படி. புட்டியிலேயே இரண்டாம் முறை நொதித்த ஒயினுக்குள் 5 முதல் 6 வளிமண்டல அழுத்தம் இருக்கும். கார் டயருக்குள் இருப்பதைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல். தக்கை கண்ணில் பட்டால் பார்வையே போகலாம்.

முதலில் மேலுள்ள தாளை உரித்துவிட்டு, கட்டைவிரலைத் தக்கையின் தலையில் வையுங்கள். தக்கையைக் கட்டியிருக்கும் கம்பிக்கூடு தளர்ந்த நொடியிலிருந்து தக்கை எப்போது வேண்டுமானாலும் கிளம்பலாம். அதனால் விரல் இனி அங்கிருந்து நகரக் கூடாது. கம்பியின் வளையத்தை ஆறு அரைச்சுற்று திருப்பினால் கூடு தளரும். கூட்டைக் கழற்றி எறியாதீர்கள். தக்கையின் மேலேயே விட்டு, துண்டால் சேர்த்துப் பிடியுங்கள். நல்ல பிடி கிடைக்கும்.

புட்டியை 45 டிகிரி சாய்த்துப் பிடியுங்கள். முனை ஆட்களையும், மின்விசிறியையும், குழல் விளக்கையும் பார்க்காமல் இருக்கட்டும். சாய்க்கும்போது உள்ளே ஒயினின் மேற்பரப்பு விரிகிறது, கழுத்தில் நுரை முட்டுவது குறைகிறது.

ஒரு கை தக்கையை அசையாமல் பிடித்திருக்க, மறு கை புட்டியின் அடியைத் திருப்ப வேண்டும். தக்கையைத் திருகுவது வழக்கமான தவறு. அது உடையவும் கூடும், பிடி நழுவவும் கூடும். தக்கை மேலே தள்ளத் தொடங்கியதும் எதிர்த்து அழுத்துங்கள். மில்லிமீட்டர் மில்லிமீட்டராக விட்டுக்கொடுத்தால் கடைசியில் மெல்லிய ‘ஸ்ஸ்’ ஓசையோடு வாயு கசியும். பிறகும் சில நொடிகள் புட்டியைச் சாய்த்தே வைத்திருங்கள்.

‘டமார்’ சத்தமும் நுரைப் பீச்சலும் கொண்டாட்டத்துக்குத் தேவை என்று சிலர் வாதிடுவார்கள். கார் பந்தய மேடைக்கு அது பொருந்தும். உங்கள் கோப்பைக்கு வர வேண்டிய வாயு அந்தச் சத்தத்தில் போகிறது.

10. ஊற்றும் வரிசை

ஆறு கோப்பைகளையும் வரிசையாக வையுங்கள். அடிக்கலவையை ஒருமுறை கிளறிவிட்டு, ஒவ்வொன்றிலும் அளந்து 45 மி.லி. ஊற்றுங்கள். கண்ணளவில் ஊற்றினால் முதல் கோப்பையில் ஒரு சுவை, கடைசிக் கோப்பையில் இன்னொரு சுவை.

அடுத்து ஒவ்வொரு கோப்பையிலும் 30 மி.லி. அளவு மட்டும் ஒயின். நுரை எழும், எழட்டும். ஆறாவது கோப்பைக்குப் போய்ச் சேர்வதற்குள் முதல் கோப்பையில் அது அடங்கியிருக்கும். இப்போது நீண்ட கரண்டியால் அடியிலிருந்து இரண்டு சுற்று கிளறுங்கள். கூழ் தளர்ந்து ஒயினோடு சேர்ந்துவிடும்.

இந்த இடைப்படியைத்தான் எல்லோரும் தாண்டிவிடுகிறார்கள். சர்க்கரை நிறைந்த கூழ் ஒயினைவிடக் கனமானது, அடியிலேயே தங்கும். 100 மி.லி.யையும் ஒரேயடியாக ஊற்றிவிட்டால், அதைக் கலக்கக் காப்பி ஆற்றுவதுபோல் கிளற வேண்டிவரும், வாயு முழுவதும் போய்விடும். முதல் 30 மி.லி.யைத் தியாகம் செய்து கூழைத் தளர்த்திக்கொண்டால், மீதி 70 மி.லி.க்குக் கிளறலே தேவைப்படாது.

மீதியை ஊற்றும்போது கோப்பையைச் சாய்த்து, பீர் ஊற்றுவதைப்போல் உட்சுவரில் வழியவிடுங்கள். பிரான்சின் ரான்ஸ் பல்கலைக்கழகத்தில் ஜெரார் லிஜே-பெலேர் தலைமையிலான ஆய்வாளர்கள் 2010இல் வெளியிட்ட ஆய்வு இதை ஷாம்பெயினில் அளந்து காட்டியது: நேராக ஊற்றுவதைவிடச் சாய்த்து ஊற்றும்போது கோப்பையில் கரியமில வாயு அதிகம் தங்குகிறது, ஒயின் குளிர்ந்திருந்தால் இழப்பு இன்னும் குறைகிறது. பழக்கலவை உள்ள கோப்பைக்கு இந்தப் பழக்கம் இன்னும் அவசியம்.

பாதி ஊற்றி, நுரை இறங்கியதும் மீதி. முடிவில் கரண்டியை அடிவரை இறக்கி ஒரே ஒருமுறை மெதுவாக மேலே தூக்குங்கள். சுற்ற வேண்டாம்.

எடுத்துவைத்த தாட்பூட் விதைகள் நான்கைந்தை மேலே விடலாம். அவற்றைப் பற்றிக்கொண்டு குமிழிகள் எழும், விதைகள் மேலும் கீழும் போய்வருவது பார்க்க நன்றாக இருக்கும். அதற்குமேல் போட்டால் நுரை அதிகமாகும். கிள்ளிப்போட்ட புதினா வேண்டாம். எலுமிச்சைத் தோலின் மெல்லிய சீவலைக் கோப்பையின் மேல் முறுக்கினால் போதுமான மணம் வந்துவிடும்.

ஷேக்கரில் ஒயினை ஊற்றிக் குலுக்குவது, மிக்ஸியில் பழத்தோடு சேர்த்து ஓட்டுவது இரண்டையும் எந்தச் சூழ்நிலையிலும் செய்யாதீர்கள். வாயு போவது மட்டுமல்ல, மூடி தெறித்துக் காயம் ஏற்படலாம். பெரிய ஜாடியில் மொத்தமாகக் கலந்து வைப்பதும் பலன் தராது. இரண்டாம் சுற்றுக்கு ஊற்றும்போது அது வெறும் மாம்பழ ஒயினாகத்தான் இருக்கும்.

11. கோப்பையில் தவறு தெரிந்தால்

நுரை விளிம்பைத் தொடும்போது ஊதவோ கிளறவோ வேண்டாம். ஊற்றுவதை நிறுத்திக் காத்திருங்கள். மறுபடி மறுபடி பொங்கினால் கூழ் சரியாக வடிகட்டப்படவில்லை அல்லது குளிரவில்லை. மீதி அடிக்கலவையை இன்னொருமுறை வடிகட்டி, பனிக்கட்டி வாளியில் கால் மணி நேரம் வைத்துவிட்டுத் தொடருங்கள்.

அதிகம் இனிக்கிறதென்றால் ஊற்றிய கோப்பையில் எலுமிச்சை பிழியாமல் ஒயினைக் கொஞ்சம் கூட்டுங்கள். அடுத்த சுற்றுக்கு அடிக்கலவையில் எலுமிச்சை சேருங்கள். குமிழி செத்துப்போன கோப்பையைச் சோடா விட்டு உயிர்ப்பிக்க முயல்வார்கள், சுவைதான் நீர்த்துப்போகும். அதைப் பெரிய டம்ளரில் பனிக்கட்டியோடு ஊற்றிப் பழ ஒயினாகக் குடித்துவிடலாம், அதுவும் நன்றாகவே இருக்கும்.

12. பழத்தை மாற்றினால்

அன்னாசி கிடைக்கும் காலத்தில் அதையும் பயன்படுத்தலாம். பச்சையாக அரைத்த அன்னாசி நிறைய நுரைக்கும். அதனால் சாற்றை ஒரு கொதி விட்டு, ஆறவைத்து, வடிகட்டி, பிறகு குளிரவையுங்கள். இனிப்பும் புளிப்பும் அதிலேயே இருப்பதால் எலுமிச்சையைப் பாதியாக்குங்கள். சிவப்புக் கொய்யா நிறத்துக்கு அருமை. விதைக்காக இரண்டுமுறை வடிகட்ட வேண்டும், தண்ணீரும் கூடுதலாகத் தேவைப்படும்.

மது அருந்தாதவர்களுக்கும் அதே மேசையில் அதே நிறத்தில் ஒரு கோப்பை இருக்க வேண்டும் என்பதில் எனக்கு மிகுந்த அக்கறை உண்டு. அடிக்கலவை 45 மி.லி., கூடுதலாக ஒரு தேக்கரண்டி எலுமிச்சைச் சாறு, ஆறவைத்த கெட்டித் தேயிலை டிகாக்‌ஷன் ஒரு தேக்கரண்டி, மேலே குளிர்ந்த சோடா 100 மி.லி. சோடாவில் இல்லாத லேசான துவர்ப்பைத் தேயிலை தருவதால் இது ஜூஸ்போல் இருக்காது. ஊற்றும் வரிசை மேலே சொன்னதேதான்.

13. எவ்வளவு குடிக்கலாம், மீதியை என்ன செய்வது

12 சதவீத ஒயின் 100 மி.லி. சேரும்போது ஒரு கோப்பையில் மதுவின் அளவு சுமார் 8 சதவீதம். சாதாரண பீரைவிட அதிகம். பழச்சுவை அதை மறைத்துவிடுவதால் வேகமாகக் குடித்துவிடுகிறார்கள். இந்தியாவில் 100 மி.லி. இரத்தத்தில் 30 மி.கி.க்கு மேல் மது இருந்தால் வண்டி ஓட்டுவது குற்றம். வருகிறவர்கள் எப்படி வீடு திரும்புவார்கள் என்பதைப் புட்டியைத் திறப்பதற்கு முன்பே கேட்டுவிடுங்கள். கூடவே உப்பிட்ட முந்திரியோ முறுக்கோ இருக்கட்டும்.

மிஞ்சிய ஒயினுக்குக் கழுத்தைக் கவ்விப் பிடிக்கும் ஸ்பார்க்கிளிங் ஒயின் மூடி தனியாகக் கிடைக்கிறது. அதைப் போட்டுக் குளிரில் நிறுத்திவைத்தால் ஓரிரு நாள் தாங்கும். சாதாரணத் தக்கையைச் செருகினால் அழுத்தத்தில் தெறித்துவிடும். வெள்ளிக்கரண்டியைப் புட்டியின் வாயில் தொங்கவிட்டால் குமிழி நிற்கும் என்பது வெறும் நம்பிக்கை.

அடிக்கலவை இரண்டு நாள் குளிர்சாதனப் பெட்டியில் கெடாது. அதற்குமேல் என்றால் பனிக்கட்டித் தட்டில் ஊற்றி உறையவைத்துவிடுங்கள். ஒரு மாதம் வரை நன்றாக இருக்கும். மறுபடி பயன்படுத்தும்போது முழுவதும் உருகவிட்டு, இன்னொருமுறை வடிகட்டி, எலுமிச்சை சில துளிகள் புதிதாகச் சேர்த்துக்கொள்ளுங்கள். உறைந்த கட்டியை அப்படியே கோப்பையில் போட்டு ஒயினை ஊற்றினால், பனி படிந்த கோப்பையில் நடந்ததுதான் இங்கேயும் நடக்கும்.